அனுப்புநரின் எண்

அரியலூர் தபால் நிலையத்தில் பிற்பகல் வெயில் கவுண்டர்வரை நீண்டு கிடக்கிறது. வெளியே சுண்ணாம்புக்கல் லாரி ஒன்று போக, ஜன்னல் கண்ணாடி அதிர்கிறது. இறந்த மனைவி பூவிழியின் வருமான வரிக் கணக்கை வாரிசாகத் தாக்கல் செய்த கோகுலகிருஷ்ணன், கையெழுத்திட்ட ஒப்புகைத் தாளை உறையிலிட்டு நீட்டுகிறான். பெங்களூரு வரி அலுவலகத்துக்கு அதை அனுப்ப இன்றுதான் கடைசி நாள். "பெங்களூருக்கா தம்பி? போன மாசம் ஒருத்தரு கூரியர்ல போட்டுட்டு, அங்க வாங்காம அது திரும்பி வந்ததும் இங்கதான் வந்து நின்னாரு" என்று சிரித்தபடி கவுண்டரில் இருக்கும் கமலவேணி முகவரியைச் சரிபார்க்கிறாள். "அனுப்புறவங்க போன் நம்பர் சொல்லுங்க." தன் எண்ணைச் சொல்ல வாயெடுத்தவனுக்கு பூவிழியின் எண்தான் வருகிறது. அவன் திருத்தவில்லை. கமலவேணி கணினியில் தட்டி முடிக்கிறாள். அவன் மாதாமாதம் ரீசார்ஜ் செய்து, அணையாமல் சட்டைப்பையில் வைத்திருக்கும் பூவிழியின் போன், அவள் ஆசையாகத் தேர்ந்தெடுத்த குருவிக் குரலில் ஒருமுறை கூவுகிறது. "மெசேஜ் வந்துடுச்சா பாருங்க." "வந்துடுச்சுங்க." எடுத்துப் பார்க்காமல் பையை உள்ளங்கையால் மூடிக்கொள்கிறான். "அங்க குடுத்ததும் இன்னொரு மெசேஜ் வரும்" என்று ரசீதை நீட்டுகிறாள். பின்னால் நிற்பவர் தொண்டையைச் செருமுகிறார். அவன் நகரவில்லை. "அது எப்பங்க வரும்?" என்று கேட்கிறான்.