ஃபிரீடா சொன்ன பதில்

ஓஸ்வால்டின் கை பட்டு ஏணி சாய்ந்தது. அது விழுந்த வேகத்தில், அதே ஸ்டூடியோவில் பக்கத்தில் எடுத்துக்கொண்டிருந்த சோகப்படத்தின் அட்டைச் சுவர் சரிந்தது. சாகக் கிடந்த சீமாட்டி எழுந்து உட்கார்ந்து அவன் பரம்பரையையே திட்டினாள். அந்தக் களேபரத்தில் ஃபிரீடாவின் பதில் அவன் காதில் விழவில்லை.

அவர்கள் இருவரும் நடித்த ஊமைச் சிரிப்புப் படத்தில், அவன் அவளிடம் மண்டியிட்டுக் காதல் சொல்லும் காட்சி அது. படத்தில்தான் பேச்சு கேட்காதே என்ற தைரியத்தில், "நெசமாவே கேக்குறேன், என்னைக் கட்டிக்கிறியா?" என்று கேட்டிருந்தான்.

"என்ன சொன்னே?" என்றான் பிறகு.

"கேமராவைப் பாத்துச் சொல்லிட்டேன். தியேட்டர்ல போய்ப் பாத்துக்கோ."

ஏணி விழுந்ததையும் இயக்குநர் படத்தில் சேர்த்துவிட்டார். பெர்லினில் படம் வந்ததும் ஓஸ்வால்ட் நான்கு நாள் தியேட்டருக்குப் போய் அவள் உதட்டையே பார்த்தான். ஒன்றும் பிடிபடவில்லை. போதாக்குறைக்கு, நான்காம் நாள், படத்தில் அவன் போட்ட குட்டிக்கரணங்களுக்கெல்லாம் கல்லாக இருந்த பக்கத்து இருக்கை அம்மாள், அந்தக் காதல் காட்சிக்கு மட்டும் வயிற்றைப் பிடித்துக்கொண்டு சிரித்தாள்.

"ஏம்மா, என் மூஞ்சி அவ்வளவு கேவலமாவா இருக்கு?"

இரண்டு தடவை கேட்டும் அவள் திரும்பவேயில்லை. என்ன திமிர்!

படம் முடிந்து விளக்கு எரிந்ததும் தோளைத் தட்டினான்.

"மூஞ்சியைப் பாத்துப் பேசுங்க தம்பி. எனக்குக் காது கேக்காது. உதட்டைப் பாத்துத்தான் புரிஞ்சுக்குவேன்."

ஓஸ்வால்ட் அவள் முகத்துக்கு நேரே குனிந்தான். "அப்படின்னா... அந்தப் பொண்ணு என்ன சொன்னா?"

"'கட்டிக்கிறேன்டா கழுதை, மொதல்ல என் கால் மேலேருந்து எந்திரி'ன்னா."