டவர் கிடைத்த வளைவு

போடிமெட்டு ஏற்றத்தில் கார் கொதித்து நின்றுவிட்டது. இன்ஜின் நன்றாக ஆறிய பிறகுதான் சோலை ரேடியேட்டர் மூடியைத் திறந்தான்.

"தண்ணி ஊத்துவமா மாப்ளே?" என்றான் கூட வந்த நண்பன் மகாராஜன்.

"வேணாம். கூலன்ட் வச்சிருக்கேன். பச்சை சேராது, இந்த வண்டிக்கு ரோஸ் கலருதான்னு மெக்கானிக்கு ஊத்திக் குடுத்தாரு."

காலையில் அவசரமாக வீட்டிலிருந்து எடுத்து வந்த பாட்டிலைத் திறந்தான். உள்ளிருந்து வந்த வாசனை மூக்கில் ஏறிய மறு நொடி அவன் முகம் வெளிறியது. பாட்டிலைக் கீழே வைத்துவிட்டு போனை எடுத்தான். டவர் இல்லை. வந்த வழியே இறங்கி ஓடத் தொடங்கினான்.

"எங்கடா ஓடுற? மெக்கானிக்குக்கா போன் போடணும்?" மகாராஜன் பின்னாலேயே ஓடினான்.

இரண்டு வளைவு தாண்டியதும் டவர் கிடைத்தது. மூன்றாவது முறை அடித்தபோதுதான் மனைவி தேவி எடுத்தாள். பின்னணியில் பிள்ளைகளின் கூச்சல்.

"பாப்பா பிறந்தநாளும் அதுவுமா எங்கங்க இருக்கீங்க?"

"தேவி, ரோஸ் சர்பத்தை யாராச்சும் குடிச்சாங்களா?"

"இப்பத்தான் பிள்ளைகளுக்கு ஊத்தி..."

"குடுக்காத! தட்டிவிடு! ஒரே மாதிரி பாட்டிலு, மாத்தி எடுத்துட்டு வந்துட்டேன். சர்பத்து இங்க இருக்கு. அங்க இருக்குறது காருக்கு ஊத்துற கூலன்ட், வெசம்!"

டம்ளர்கள் உருளும் சத்தம் கேட்டது. பிறகு எதுவுமே கேட்கவில்லை. சோலை மூச்சைப் பிடித்துக்கொண்டு நின்றான்.

"ஏழு டம்ளருங்க," தேவியின் குரல் நடுங்கியது. "ஏழும் நெறஞ்சுதாங்க இருந்துச்சு. யாரும் வாய் வைக்கல."

சோலை நடுரோட்டிலேயே உட்கார்ந்து குலுங்கிக் குலுங்கி அழுதான்.