போமி எழுந்திருக்கவில்லை

"செத்துப்போறாளா? என் பொண்ணா? முதல்ல வாயைக் கழுவுங்க டீச்சர்!"

ஒக்ஜூ போட்ட சத்தத்தில் ஆசிரியர் அறைக்கு வெளியே போன பிள்ளைகள் நின்று எட்டிப் பார்த்தார்கள். தொடுகறிக் கடையில் கிம்ச்சி ஊறுகாய்க்கு முள்ளங்கி நறுக்கிக்கொண்டிருந்தவளை, உடனே வரச் சொல்லிப் பள்ளியிலிருந்து போன். ஏப்ரனைக்கூடக் கழற்றாமல் ஓடிவந்திருந்தாள். இதைக் கேட்கவா?

"விளையாட்டுல சொல்றேன் போமி அம்மா, உட்காருங்க" என்றார் குவோன் டீச்சர். "'முகுங்வா பூ பூத்தாச்சு' நீங்களும் ஆடியிருப்பீங்க. ஒருத்தர் மரத்தைப் பார்த்து அதைச் சொல்லிட்டுத் திரும்பறப்போ யார் அசைஞ்சாலும் அவுட். அவுட் ஆனவங்க சுண்டுவிரலைக் கோத்துக்கிட்டு வரிசையா நிக்கணும். வேற ஒருத்தர் ஓடிவந்து விரலைப் பிரிச்சுவிட்டா, எல்லாரும் தப்பிச்சு ஓடணும்."

"நான் ஆடாத ஆட்டமா? அதுக்கென்ன இப்போ?"

"உங்க பொண்ணு விரலைக் கோக்கறதில்லை. அவுட்டுன்னதும் நெஞ்சைப் பிடிச்சுக்கிட்டு தடால்னு விழறா. மத்தவங்க தப்பிச்சு ஓடினாலும் எழுந்திருக்கறதில்லை, மணி அடிச்சாலும் எழுந்திருக்கறதில்லை. நேத்து நர்ஸ் அறைக்குத் தூக்கிட்டுப் போனோம். ரெண்டு பிள்ளைங்க பயந்து அழுதுடுச்சு. இப்போ அவளை ஒப்புக்குச் சப்பாணியாக்கூட யாரும் சேர்த்துக்கறதில்லை."

ஒக்ஜூவுக்குச் சுருக்கென்றது. ஒரு வாரமாகப் போமி மதிய இடைவேளையைப் பற்றி வாயே திறக்காதது இதனால்தானா?

"இதே ஆட்டத்தை வெச்சு எடுத்த அந்த சீரியல்ல, அவுட் ஆனவங்களை இப்படித்தானே சுட்டுத் தள்றாங்க?" டீச்சர் குரலைத் தாழ்த்தினார். "எட்டு வயசுப் பிள்ளைக்கு அதைக் காட்டலாமா? மத்த அம்மாக்கள் கையெழுத்துப் போட்டு மனுவே குடுத்துட்டாங்க. வெள்ளிக்கிழமை விளையாட்டு விழாவுல போமியைத் தனியா உட்காரத்தான் வைக்கணும்."

"எங்க வீட்டுலயா? அதோட விளம்பரம் வந்தாலே எங்க வீட்டுக்காரர் டிவியை அணைச்சுடுவார், தெரியுமா? பச்சைப் பிள்ளைங்க விளையாட்டுல துப்பாக்கியைக் கொண்டாந்து வெச்சானே, அந்தப் படுபாவியைக் கூப்பிட்டுக் கேளுங்க! இதுல அடுத்த பாகம் வேற எடுக்கறாங்களாம், வெட்கங்கெட்டவங்க! என் பொண்ணை உட்கார வைப்பீங்களோ? மனுவுல முதல் கையெழுத்து யாருது?"

"கியூமின் அம்மா."

"அதானே பார்த்தேன்!"

அதே அடுக்குமாடியில் இருந்த கியூமின் அம்மா, கீழே குப்பையைத் தரம் பிரித்துப் போட்டுக்கொண்டிருந்தபோது வசமாக மாட்டினாள்.

"உங்க பையன் போன்ல கண்ட கருமத்தையும் பார்ப்பான், பழி என் பொண்ணு மேலயா?"

"என் பையன்கிட்ட போனே கிடையாது" என்றாள் அவள், பாட்டிலைக் கூடையில் எறிந்தபடி. "உங்க பொண்ணுதான் அவனுக்கு வகுப்பு எடுக்கறா. முழங்கையை மடக்கிட்டு விழுந்தா வலிக்காதாம், மூச்சை வயித்துல விடாம கழுத்துல விட்டா வெளியே தெரியாதாம். இதெல்லாம் என் பையனுக்கு எப்படித் தெரியும்?"

ஒக்ஜூவுக்குக் கோபம் இரண்டு மடங்கானது. விறுவிறுவென்று மாடியேறினாள்.

வீட்டில் துவைக்கக் கிடந்த கணவனின் வெள்ளைச் சட்டைதான் முதலில் கண்ணில் பட்டது. மறுபடியும் காலரில் சிவப்புக் கறை! லிஃப்ட் கம்பெனியில் அவள் கணவன் தேசிக்கைப் புதுக் கிடங்குக்கு மாற்றியதிலிருந்து இதே கதைதான். விடியற்காலை ஐந்து மணிக்குக் கிளம்ப வேண்டியது, கிம்ச்சிக் குழம்பைக் கொட்டிக்கொண்டு வர வேண்டியது. மனுஷனுக்குச் சாப்பிடக்கூடத் தெரியவில்லை. போன மாதம் படியில் வேறு விழுந்து முழங்கையைச் சிராய்த்துக்கொண்டார். நல்லவேளை, கறை தண்ணீரில் ஒரே அலசலில் போய்விடுகிறது. புது சோப்பு பிரமாதம் என்று கடையில் நாலு பேரிடம் அவளே சொல்லிவைத்திருந்தாள்.

சட்டையைக் கூடையில் வீசிவிட்டு மகளை இழுத்து முன்னால் நிறுத்தினாள்.

"சொல்லுடி. யாரு உனக்கு அந்த சீரியலைக் காட்டினது?"

"நான் பார்க்கவே இல்லம்மா."

"அப்போ யாரு சொல்லிக்குடுத்தா?"

போமி உதட்டை இறுக்கி மூடிக்கொண்டாள். "சொல்லக்கூடாது. சத்தியம் பண்ணியிருக்கேன்."

"சத்தியமா? யாருக்குடி சத்தியம்? சரி, எப்படி விழுந்தேன்னு செஞ்சு காட்டு, பார்க்கறேன்!"

போமி ஒருகணம் அசையாமல் நின்றாள். பிறகு நெஞ்சைப் பிடித்துக்கொண்டு, பாதி சுழன்று, தடாலென்று விழுந்தாள். கண் பாதி திறந்திருந்தது. மூச்சு விடுவதே தெரியவில்லை.

"சரி, போதும். எழுந்திரு."

அவள் எழுந்திருக்கவில்லை.

"போமி! விளையாடாதே. எந்திரிடி!" தோளைப் பிடித்து உலுக்கினாள். கை துவண்டு தரையில் விழுந்தது. பொய்தான் என்று தெரிந்தும் ஒக்ஜூ அவள் மூக்கருகே விரலை வைத்துப் பார்த்தாள். பெற்ற பிள்ளையை இப்படிப் பார்க்க எந்தத் தாயால் முடியும்?

கதவு திறந்தது. கையில் பையோடு தேசிக்.

"வாங்க! நல்ல நேரத்துக்கு வந்தீங்க!" ஒக்ஜூ அழுகையும் ஆத்திரமுமாக வெடித்தாள். "பாருங்க உங்க பொண்ணை! ஊரே நம்மளைக் காறித் துப்புது, விழாவுல இவளைத் தனியா உட்கார வைக்கப் போறாங்களாம். எவனோ அந்தப் பாழாப்போன சீரியலை இவளுக்குச் சொல்லிக்குடுத்திருக்கான். அவன் மட்டும் என் கையில கிடைக்கட்டும்! எழுந்திருக்கவே மாட்டேங்கறா, நீங்களாவது சொல்லுங்க!"

ஒற்றை ஷூவைக் கழற்றிய நிலையில் தேசிக் அப்படியே நின்றான். முகம் வெளுத்துவிட்டது. மனைவியைப் பார்த்தான். தரையில் கிடந்த மகளைப் பார்த்தான். கேட்டும் கேட்காத குரலில் சொன்னான்.

"கட்."

போமி துள்ளி எழுந்து அவன் காலைக் கட்டிக்கொண்டாள். "அப்பா! இன்னைக்கு நீங்க எத்தனை தடவை செத்தீங்க?"