அட்டையில் போட வேண்டிய பெயர்

"செத்துப்போன தங்கச்சி பேரை அட்டையில போடச் சொன்னா எப்படிங்கம்மா?"

பதிப்பாளர் அருள்குமார் பையிலிருந்து புத்தக அட்டையை எடுத்துக் கல்லறை மேலேயே விரித்துக் காட்டினார். 'கூப்பிடாத பேர்', நாவல், மதலேனம்மாள் என்று கொட்டை எழுத்தில் இருந்தது. நாளைக்கு அச்சுக்குப் போக வேண்டும். இந்த ஒரு பெயருக்காகத்தான் கொழிஞ்சாம்பாறையில் பஸ் ஏறி, கம்பம் வந்து, கம்பம்மெட்டு வழியாக உடும்பஞ்சோலை வரை மலையேறி வந்திருக்கிறார் மனிதர்.

அந்த அம்மாள் அட்டையை ஒரு பார்வை பார்த்ததோடு சரி. தேங்காய் நாரால் சிலுவையைத் தேய்த்துக்கொண்டிருந்தாள். கல்லறைத் திருநாளுக்கு இன்னும் இரண்டு நாள்தான் இருந்தது. மழைக்கு ஏறிய பாசி போகப் போக சிமெண்டில் எழுத்து தெரிந்தது: ஞானஜோதி, வயது 12.

"எஸ்டேட் லயத்துல யாரைக் கேட்டாலும் மதலேனம்மான்னுதான் சொல்றாங்க. ஆதார்லயும் அதுதானுங்க. நாளைக்கு ஒரு விருது கிருது வந்துச்சுன்னா எந்தப் பேருக்குங்க குடுப்பாங்க?"

"விருதெல்லாம் வேண்டாம் தம்பி. பேரை மட்டும் ஞானஜோதின்னு போட்டுருங்க."

அருள்குமாருக்குக் கோபம் வரவில்லை, சங்கடமாகத்தான் இருந்தது. பதினைந்து வருடமாகப் புத்தகம் போடுகிறார். பெயரை இன்னும் பெரிதாகப் போடு என்று சண்டைக்கு வந்த எழுத்தாளர்களைத்தான் பார்த்திருக்கிறார். தன் பெயரே வேண்டாம் என்கிற ஆளை இப்போதுதான் பார்க்கிறார்.

விட்டுத்தள்ளவும் மனம் வரவில்லை. நாவல் அப்படிப்பட்டது. நாற்பத்து நாலு வருடம் ஏலக்காய் எடுத்து, போன மாதம்தான் வேலையிலிருந்து நின்ற கை எழுதியது. செத்துப்போன ஒரு சிறுமி, தான் இருந்த லயத்து வீட்டுக்குள்ளேயே சுற்றி வருகிறாள். அடுப்படியில் நிற்கிறாள், அம்மா பக்கத்தில் படுக்கிறாள். ஒருத்தரும் அவளைப் பெயர் சொல்லிக் கூப்பிடுவதில்லை. பெற்றவள்கூட.

"அடுப்புக்கிட்ட நின்னுட்டு, அம்மா ஒருக்கா பேர் சொல்லிக் கூப்பிட மாட்டாளான்னு அந்தப் புள்ள பாத்துட்டே இருக்குமில்லீங்க, அந்த எடத்துல அழுதுட்டேனுங்க. செத்தவங்க மனசுக்குள்ள எப்படிங்கம்மா போனீங்க?"

"எழுத ஒக்காந்தா வந்துச்சு தம்பி." அவள் நாரைத் தண்ணீரில் நனைத்துக்கொண்டாள்.

"தங்கச்சிக்கு என்னங்க ஆச்சு?"

"மஞ்சக்காமாலை. கீழ கொண்டுபோக ஜீப்பு கெடைக்கல." சிலுவையைத் தேய்க்கும் கை நின்றது. "அப்பல்லாம் வீட்டுக்கு ரெண்டு பேரு எஸ்டேட்ல பேரு குடுத்திருந்தாத்தான் லயத்துல எடம். ஒண்ணு கொறஞ்சா சட்டி பானையத் தூக்கிட்டுக் கெளம்ப வேண்டியதுதான். பொதைச்ச மறுநாள் காலையிலயே வேலைக்குப் போயி வரிசையில நின்னேன். கங்காணி 'மதலேனம்'னு பேரு வாசிச்சாரு. இருக்கேன்யான்னேன்."

"அடுத்த நாளேவாங்க?"

"சத்தம் போட்டு அழக்கூட விடல. அழுதா எங்கப்பா வாயப் பொத்திருவாரு."

கொழிஞ்சாம்பாறையில் அருள்குமாரின் மகளுக்கும் பன்னிரண்டு வயதுதான். ஈரம் படாமல் அட்டையை எடுத்துக் கையில் வைத்துக்கொண்டார்.

அந்த அம்மாள் முந்தானை முடிச்சை அவிழ்த்து, பச்சைக் கண்ணாடி வளையல்களை எடுத்துச் சிலுவையின் கையில் ஒவ்வொன்றாக மாட்டினாள்.

"பன்னெண்டு வயசுப் புள்ளைக்கு இது பெருசுங்களேம்மா."

"இல்ல தம்பி. அவளுக்கு இதுதான் அளவு."

செத்த பிள்ளையையும் மனதுக்குள் வளர்த்துக்கொண்டே வந்திருக்கிறாள், பாவம் என்று நினைத்துக்கொண்டார். அச்சகத்துக்காரன் இரண்டு தடவை போன் அடித்துவிட்டான்.

"சரிங்கம்மா, உங்களுக்கும் வேண்டாம், எனக்கும் வேண்டாம். அட்டையில உங்க பேரே இருக்கட்டும். உள்ள மொதப் பக்கத்துல 'ஞானஜோதிக்கு சமர்ப்பணம்'னு தனியாப் போட்டுர்லாமுங்க. அவங்க பேரும் அச்சுல வந்துரும். என்னங்க?"

அவள் கையை முந்தானையில் துடைத்துவிட்டு முதல் தடவையாக அட்டையைக் கையில் வாங்கினாள். மதலேனம்மாள் என்ற எழுத்தின் மேல் விரலை வைத்துத் தடவினாள். நகக்கண்ணில் ஏலக்காய்க் கறை இன்னும் போகவில்லை.

"போன வருசம் எங்கம்மா செத்தா தம்பி. அத்தன வருசமா வாயத் தெறக்காதவ, உசுரு போறப்ப ஞானஜோதின்னு கூப்பிட்டா. ஒரே ஒருதரம். காது நெறையக் கேட்டேன்." அவள் எழுத்தின் மேலிருந்து விரலை எடுத்தாள். "இனிமே அந்தப் பேரைச் சொல்ல ஆளு இல்ல."

"அதுக்குத்தானுங்கம்மா சமர்ப்பணம்ங்கறேன்."

அவள் அட்டையை அவரிடமே திருப்பிக் கொடுத்தாள். ஈரம் காயாத கல்லறை மேல் உள்ளங்கையை வைத்தாள்.

"சமர்ப்பணம் மதலேனத்துக்குப் போடுங்க தம்பி. இதுக்குள்ள கெடக்குறது எங்க அக்கா."