கலைமதி படித்த புத்தகங்கள்

“உள்ள வேற யாராச்சும் இருக்காங்களா மேடம்?”

வாசலில் நின்றபடியே கேட்டான் அவன். நூலகர் அமராவதி இல்லையென்று தலையசைத்ததும் உள்ளே வந்து கதவைப் பாதி சாத்தினான். நல்ல உயரம். முப்பது வயதுக்குள்தான் இருக்கும். உப்பளத்துப் பாதையில் அவனுடைய புல்லட் நின்றிருந்தது.

“கலைமதிக்குப் புக்கு எடுத்துக் குடுக்கறது நீங்கதானே?”

அமராவதி மேஜையிலிருந்த பதிவேட்டைச் சட்டென்று மூடினாள். உப்பு பாக்கெட் போடும் கம்பெனியில் வேலை பார்க்கும் கலைமதி நேற்றுதான் போனில் சொல்லியிருந்தாள்.

“அக்கா, ஞாயித்துக்கிழமை பொண்ணு பார்க்க வந்தாங்க. நான் சரின்னு சொல்லல. அண்ணன் குதிக்குது. புத்தகம் படிச்சுத்தான் கெட்டுட்டேனாம். எவ குடுத்தான்னு நேர்லயே வந்து கேட்கப் போவுதாம். சொல்லிடாதீங்கக்கா, அப்புறம் என்னை லைப்ரரி பக்கமே விடாது.”

அந்த அண்ணனை அமராவதி இதுவரை பார்த்ததில்லை. இதோ, வந்துவிட்டான்.

“இங்க வர்ற எல்லாருக்கும் குடுக்கறதுதான் தம்பி.”

“என்னென்ன குடுத்தீங்க?”

“பெருசா என்ன. சமையல் புத்தகம், கோலப் புத்தகம்.”

“பொய் சொல்லாதீங்க மேடம்.” அவன் குரலை உயர்த்தவில்லை. அதுதான் பயமாக இருந்தது. “கோலப் புத்தகம் படிச்சவங்க பேசற பேச்சா அது?”

ஜன்னலுக்கு வெளியே யாரோ சைக்கிளில் போனார்கள். அவன் சட்டென்று அலமாரி ஓரமாக ஒதுங்கி முகத்தைத் திருப்பிக்கொண்டான். சைக்கிள் போனதும் மேஜைக்கு அருகில் வந்தான்.

“எனக்குத் தெரிஞ்சாவணும். ஒண்ணு விடாம சொல்லுங்க.”

பயந்துகொண்டே இருந்த அமராவதிக்கு எங்கிருந்தோ கோபம் வந்துவிட்டது. எழுந்து நின்றாள்.

“சொல்றேன், கேட்டுக்கோ. ஒரு கதை எடுத்தா கூடவே ஒரு விஷயப் புத்தகமும் எடுக்கணும்னு சொன்னது நான்தான். துப்பறியும் நாவல் குடுத்தேன், கூடவே கழுவெளி ஏரிக்கு வர்ற பறவைங்களப் பத்தி ஒண்ணு. புருஷன விட்டுட்டு வந்தவ கதை, கூடவே பொம்பளைங்களுக்கு சொத்துல என்ன பங்குன்னு சட்டப் புத்தகம். பேய்க் கதை எடுத்தா, மூளை எப்படி வேலை செய்யுதுன்னு ஒண்ணு குடுத்தேன். ராத்திரியில தூக்கம் வரணும்ல?”

அவன் எச்சில் விழுங்கினான். நெற்றி வியர்த்திருந்தது.

“அவ்ளோதானா?”

“இன்னும் ஒரு அலமாரி இருக்குது. ஏன் எதுக்குன்னு கேட்கற பொண்ணு அவ. கேட்கறவளுக்குக் குடுக்காம, கரையானுக்கா குடுக்கச் சொல்ற?”

“எல்லாத்தையும் எடுங்க மேடம். இப்பவே.”

“எதுக்கு, கொண்டு போய்க் கடல்ல போடறதுக்கா?” அமராவதி அலமாரியை மறைத்துக்கொண்டு நின்றாள். புடவைத் தலைப்பை இழுத்துச் செருகிக்கொண்டாள். “ஒரு புத்தகத்து மேல கை வெச்சாலும் போலீசுக்குப் போன் பண்ணிடுவேன். தங்கச்சி படிச்சா அண்ணனுக்குப் பெருமையா இருக்கணும்பா. உனக்கு ஏன் இப்படி எரியுது?”

“தங்கச்சியா?”

அவன் விழித்தான். வாசல் பக்கம் ஒருமுறை எட்டிப் பார்த்துவிட்டு, குரலை இன்னும் தாழ்த்தினான்.

“ஐயோ மேடம், நான் பொண்ணு பார்க்க வந்த மாப்பிள்ளைங்க. ‘நான் படிச்சதெல்லாம் படிச்சுட்டு வாங்க, அப்புறம் பேசலாம்’னு சொல்லி அனுப்பிட்டாங்க. பத்தாவதுக்கு அப்புறம் நான் புக்கத் தொட்டதே இல்ல, எதுலருந்து ஆரம்பிக்கறதுன்னு நீங்கதான் சொல்லணும்.”