பெயருக்கு விட்ட இடம்

ஒரு கணினிக்குள் மதிப்பெண் அறிக்கைக்கான வார்ப்புரு ஒன்று இருந்தது. அதன் கோடுகளும் கட்டங்களும் அத்தனை நேர்த்தி. ஆனால் பெயருக்கு விட்ட இடம் மட்டும் காலியாகவே கிடந்தது. ஒரே ஒரு பிள்ளையின் பெயரையாவது சுமந்து பார்க்க வேண்டும் என்று அது ஏங்கியது.

ஒருநாள், வார்ப்புருக்களைச் செயலியின் மொழிக்கு மாற்றித் தரும் நிரலான தொகுப்பி வந்தது.

"வா, பள்ளிக்கூடத்துச் செயலிக்கு அனுப்பணும்."

"நான் போறேனா அக்கா?"

"ஆசையைப் பாரு! உன் பாஷை செயலிக்குப் புரியாது. அதுக்குப் புரியுற மாதிரி ஒரு பிரதி செய்வேன். அதுதான் போகும், நீ இங்கேயே இரு."

பிரதி திரும்பிக்கூடப் பார்க்காமல் போனது.

சில வாரங்களில் தொகுப்பி மறுபடி வந்தது.

"ஒரு பொண்ணோட பேர் கட்டத்துல அடங்காம பாதியில நின்னுடுச்சாம். பிரதியில கை வைக்க முடியாது. உன்னைத்தான் திருத்தணும்."

"என்ன பேரு அக்கா?"

"யாருக்குத் தெரியும்? நீளமாம், அவ்வளவுதான் சொன்னாங்க."

வார்ப்புருவை வரைந்த வடிவமைப்பாளர் வந்து கட்டத்தை அகலமாக்கினார். புதுப் பிரதியும் போய்விட்டது.

வார்ப்புரு அகன்ற கட்டத்தையே பார்த்துக்கொண்டிருந்தது. இவ்வளவு நீளமாகப் பெயர் வைத்தவர்கள், வீட்டில் அவளை என்னவென்று கூப்பிடுவார்களோ?