ஏழு அணிகளுக்கு ஆடியவர்

ஏழு கபடி அணிகளுக்கு மாறி மாறி ஆடி ஓய்ந்த அருமைநாயகம், பயிற்சியாளர் வேலை கேட்டு ஓர் அணியின் முதலாளியைப் பார்க்கப் போனார்.

“ஒரு டீம்லயும் நீரு நிலைக்கலையே?” என்றார் முதலாளி.

“ஆமா அண்ணாச்சி. அதனால ஒவ்வொரு டீமும் எப்படித் தோக்குதுன்னு உள்ள இருந்தே பாத்திருக்கேன். உங்க டீம்லயும் ஒரு வருஷம் இருந்தேன்.”

முதலாளிக்கு அந்த முகம் நினைவில் இல்லை. “அப்போ சொல்லும் வே, நாங்க எதனால தோக்கோம்?”

“கடைசி நிமிஷத்துல கோட்டுப் பக்கம் வந்து நின்னு கத்துதீங்க. பயலுவ எதிராளிய விட்டுட்டு உங்க மூஞ்சியப் பாக்கானுவ.”

சொல்லிவிட்டு மிச்ச டீயை நிதானமாகக் குடித்தார்.

அவர் பயிற்சியாளராக நின்ற முதல் ஆட்டம், கடைசி நிமிடம். ஒரு புள்ளிதான் முன்னிலை. முதலாளி அரங்கின் மேல் வரிசையில், கைக்குட்டையால் வாயைப் பொத்திக்கொண்டு உட்கார்ந்திருந்தார். கீழே ஆட்டக்காரர்கள் எல்லோரும் பாடி வருபவனின் கால்களையே பார்த்துக்கொண்டிருந்தார்கள்.